காலத்தைத் திருப்பும் யந்திரம்

(மரக்காணம் உப்பளக் கரையில் நடைபெற்ற பொதுக்கூட்டத்தில் ஆற்றிய சொற்பொழிவு)



இன்று எனக்குக் கொடுக்கப்பட்டிருக்கும் விஷயம் "காலத்தைத் திருப்பும் யந்திரம்" என்பதாகும். விடியுமுன் எழுந்து, வெயில் ஏறும் வரையில் பாத்தியில் உப்பு வாரிவிட்டு வந்து உட்கார்ந்திருக்கும் உங்கள் முன்னிலையில், உலகத்திலேயே இல்லாத ஒரு யந்திரத்தைப்பற்றிப் பேச வருவது வேடிக்கையாகத் தோன்றலாம். "எங்கள் கூலியைப்பற்றிப் பேசு, குடிதண்ணீரைப்பற்றிப் பேசு, இல்லாததைப்பற்றி என்னத்திற்குப் பேச்சு?" என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் அந்த இல்லாத யந்திரத்தின் பெயரால் உங்களிடம் தினந்தோறும் காசும் பொழுதும் பறிக்கப்பட்டு வருகிறது. அதனாலேயே அதைப்பற்றிப் பேச வேண்டியதாயிருக்கிறது.

நான் கல்லூரி வாசற்படியை மிதித்தவனல்ல. புத்தகங்களைப் படித்தும், தெரிந்தவர்களை விசாரித்தும் அறிந்துகொண்டதை எனக்குச் சரியென்று பட்ட முறையில் சொல்லுகிறேன். நான் சொல்லுகிறேன் என்பதற்காக எதையும் நம்பிவிடாதீர்கள். உங்கள் அறிவுக்குப் பொருந்தினால் கொள்ளுங்கள், பொருந்தாவிட்டால் தள்ளுங்கள்.

சினிமாக் கடிகாரம்

2016-ஆம் வருஷத்தில் "24" என்று ஒரு தமிழ் சினிமா வந்தது. இங்குள்ள வாலிபர்களில் பலர் பார்த்திருப்பீர்கள். அதில் ஒரு விஞ்ஞானி ஒரு கைக்கடிகாரம் செய்கிறான். அதைத் திருப்பினால் நடந்து முடிந்த காரியம் நடவாததாகிவிடும். பெய்கிற மழைத்துளி அந்தரத்தில் நின்றுவிடும். அந்தக் கடிகாரத்துக்காக உடன்பிறந்தவனையே கொல்லத் துணிகிறான் ஒருவன். விஞ்ஞானியின் மகனோ கடிகாரம் பழுதுபார்க்கிறவன். அவன் கையில் அது போய்ச் சேருகிறது.

அதற்கு முந்திய வருஷம், 2015-ல், "இன்று நேற்று நாளை" என்று மற்றொரு படம் வந்தது. 2065-ல் செய்யப்பட்ட யந்திரம் ஒன்று இந்தக் காலத்து வாலிபர் இரண்டு பேர் கையில் அகப்பட்டுக்கொள்ளுகிறது. அவர்களில் ஒருவன் சோதிடன். யந்திரத்தை வைத்துக்கொண்டு அவர்கள் என்ன தொழில் செய்கிறார்கள்? காணாமற்போன பொருளைக் கண்டுபிடித்துச் சொல்லும் தொழில் செய்கிறார்கள். கடந்துபோன நாளுக்குப் போய், பொருள் எங்கே போயிற்று என்று கண்ணால் பார்த்துவிட்டு வந்து சொல்லுகிறார்கள். தோழர்களே, இதிலே நம் ஆயிரம் பிரசங்கத்துக்குச் சமமான ஒரு சங்கதி இருக்கிறது. கற்பனைக் கதையிலேகூட, யந்திரம் கைக்கு வந்த பிறகுதான் அந்தச் சோதிடனுக்குச் சோதிடம் பலித்தது!

இந்த யந்திரக் கற்பனையைப் பிரபலப்படுத்தியவர் எச்.ஜி.வெல்ஸ் என்ற ஆங்கில எழுத்தாளர். 1895-ல் அவர் எழுதிய கதையில், ஒருவன் யந்திரத்தில் ஏறி 8,02,701-ஆம் வருஷத்துக்குப் போகிறான். அங்கே மனித ஜாதி இரண்டாகப் பிரிந்து கிடக்கிறது. மேலே வெயிலில் விளையாடித் தின்று திரியும் சோம்பேறிக் கூட்டம் ஒன்று. பூமிக்கு அடியில் இருட்டிலே யந்திரங்களோடு உழலும் கூட்டம் மற்றொன்று. உழைக்கிறவனும் உட்கார்ந்து தின்கிறவனும் இப்படியே பிரிந்திருந்தால் கடைசியில் இருவரும் மனிதராக மிஞ்சமாட்டார்கள் என்பதைக் காட்டவே அவர் அந்த யந்திரத்தைக் கற்பனை செய்தார். போன காலத்தைத் திரும்பக் கொண்டுவருவது அவருடைய நோக்கமல்ல. வரப்போவதை நினைத்து இன்றைக்கே யோசிக்கவைப்பதுதான் நோக்கம்.

ஆகவே கதை எழுதுகிறவர்கள்மீதும் சினிமா எடுப்பவர்கள்மீதும் நமக்குச் சண்டை இல்லை. அவர்கள் கதை என்று சொல்லித்தான் டிக்கட் விற்கிறார்கள். பார்த்துவிட்டு வெளியே வருகிறவனும், கைக்கடிகாரத்தைத் திருகி, செத்துப்போன தகப்பனை எழுப்பலாம் என்று நம்புவதில்லை. கதையைக் கதையென்று சொல்லாமல், உண்மையென்று சொல்லி விற்கிறவர்களோடுதான் நமக்குச் சண்டை.

புராணமும் அளவும்

இதற்கு உடனே ஒரு சமாதானம் சொல்லுவார்கள். "வெள்ளைக்காரன் இன்றைக்குச் சொல்லுவதை எங்கள் புராணம் அன்றைக்கே சொல்லிவிட்டது" என்பார்கள். ககுத்மி என்று ஓர் அரசன், தன் மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை கேட்கப் பிரம்மலோகம் போனானாம். அங்கே பாட்டுக் கச்சேரி நடந்ததாம். அது முடியும்வரை சற்றுக் காத்திருந்துவிட்டுக் கேட்டபோது, பூமியில் 27 சதுர்யுகம் கழிந்துவிட்டது என்று பிரம்மா சொன்னாராம். பிறகு ரேவதியைப் பலராமனுக்குக் கொடுத்தார்களாம். "பார்த்தாயா, ஐன்ஸ்டீன் கண்டது இதுதான்" என்று சிலர் மார்தட்டுகிறார்கள்.

கதை என்ற அளவில் அழகான கதை, மறுக்கவில்லை. ஆனால் கண்டுபிடிப்பு என்றால் அதற்கு ஓர் அளவு வேண்டும். அந்த அளவை எவனும் சோதித்துப் பார்க்க இடம் வேண்டும். 1905-ல் ஐன்ஸ்டீன், வேகமாக ஓடும் கடிகாரம் மெதுவாக நடக்கும் என்று சொன்னதோடு நிறுத்தவில்லை. இவ்வளவு வேகத்துக்கு இவ்வளவு குறையும் என்று கணக்கும் கொடுத்தார். 1971-ல் ஹாஃபெலே, கீட்டிங் என்ற இரண்டு அமெரிக்கர்கள் அணுக் கடிகாரங்களை விமானத்தில் ஏற்றி உலகத்தைச் சுற்றி வந்து பார்த்தார்கள். கிழக்கே போனவை சற்றுப் பின்தங்கின. மேற்கே போனவை சற்று முந்தின. கணக்குச் சொன்னபடியே இருந்தது. அளவோ ஒரு நொடியைக் கோடிக் கூறிட்டாலொத்த சில கூறுகள்தான்.

இது படித்தவர்கள் விளையாட்டு என்று எண்ணாதீர்கள். இந்தக் கரையிலிருந்து கடலுக்குப் போகும் படகில் இடங்காட்டும் ஜி.பி.எஸ். கருவி இருக்கிறது அல்லவா? அதற்குச் செய்தி அனுப்பும் செயற்கைக்கோளிலுள்ள கடிகாரம், நம் பூமிக் கடிகாரத்தைவிட நாளொன்றுக்கு ஒரு நொடியின் பத்து லட்சத்தில் 38 பங்கு வேகமாக ஓடுகிறது. அதைத் திருத்தாமல் விட்டால், ஒரே நாளில் இடக்கணக்கு ஏறத்தாழ 10 கிலோமீட்டர் பிசகிப்போகும். மரக்காணம் என்று எண்ணிக்கொண்டு வேறு ஊரில் கரையேற வேண்டியதுதான். அந்த 38-ஐச் சொன்னது எந்தப் புராணம்? ககுத்மி கதையை வைத்துக்கொண்டு ஒரு படகையாவது கரை சேர்க்க முடியுமா?

உப்புப் பாத்தி சொல்லும் பாடம்

நிற்க. விஞ்ஞானம் கண்ட இந்தக் காரியத்திலும் காலம் முன்னோக்கித்தான் போகிறது. வேகமாகவோ மெதுவாகவோ போகலாம். நேற்றைக்குத் திரும்பிப்போன கடிகாரம் ஒன்றை இதுவரை எவரும் கண்டதில்லை. இதை உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. உங்கள் தொழிலே விளக்கும்.

கடல்நீர் 3 டிகிரி அளவில் பாத்திக்கு வருகிறது. வெயிலும் காற்றும் நீரைக் குடிக்கக் குடிக்க, பாத்திக்குப் பாத்தி மாறி, டிகிரி ஏறி, 25-க்கு வரும்போது உப்பு இறங்குகிறது. நீரில் மிதக்கும் கண்ணாடிக் குழலைப் பார்த்து அதைச் சொல்லுகிறீர்கள். பஞ்சாங்கத்தைப் பார்த்துச் சொல்லுவதில்லை. உப்பு இறங்குவதற்கு இத்தனை நாள் வெயில் வேண்டும் என்றால் அத்தனை நாள் வெயில் வேண்டியதுதான். எந்த மந்திரமும் ஒரு நாளைக் குறைக்காது. அப்படிப் பாடுபட்டு வாரிக் குவித்த உப்பின்மேல் ஒரு பெருமழை பெய்தால் என்ன ஆகிறது? ஒரே இராத்திரியில் கரைந்து வரப்பைத் தாண்டி ஓடிவிடுகிறது. ஓடின தண்ணீர் தானே திரும்பி வந்து குவியலாக நின்றதை யாராவது பார்த்ததுண்டா? மறுபடியும் வெயில், மறுபடியும் உழைப்பு. அது ஒன்றே வழி. காலம் ஒரு பக்கமாகத்தான் ஓடுகிறது என்று பெரிய பெரிய விஞ்ஞானிகள் எழுதிய ஏடுகளின் சாரம் இவ்வளவுதான்.

ராகு எந்தக் கடிகாரம் பார்க்கிறான்?

இனி, காலத்தைத் திருப்பும் யந்திரம் தம்மிடம் இருப்பதாகச் சொல்லிப் பிழைப்பவர்களிடம் வருவோம். ஒருவன் போன ஜென்மத்தை ஓலையில் படிக்கிறேன் என்கிறான். மற்றொருவன் வரப்போகும் ஆபத்தைச் சொல்லி, பரிகாரம் செய்தால் அதை மாற்றிவிடலாம் என்கிறான். இவை போன காலத்தையும் வருங்காலத்தையும் கையில் வைத்திருப்பதாகச் சொல்லும் யந்திரங்கள் அல்லாமல் வேறென்ன? சினிமாக்காரன் டிக்கட் காசோடு விட்டான். இவன் தாலியை அடகு வைக்கச் சொல்லுகிறான்.

இவையெல்லாம் எப்போதாவது நேருகிறவை. தினமும் நேருவது ராகுகாலம். திங்கட்கிழமை 7.30 முதல் 9 மணி வரை, வெள்ளிக்கிழமை 10.30 முதல் 12 வரை என்று காலண்டரில் அச்சடித்து வீட்டுக்கு வீடு மாட்டியிருக்கிறார்கள். நான் ஒன்று கேட்கிறேன். ராகு எந்தக் கடிகாரத்தைப் பார்த்து வருகிறான்?

இந்த மாகாணத்துக்கு முன்பு சென்னை வானாராய்ச்சி நிலையத்தின் மணிதான் மணி. அது கிரீன்விச் மணிக்கு 5 மணி 21 நிமிஷம் முந்தியது. 1906 ஜனவரி 1-ந் தேதி இந்தியாவுக்குப் பொதுவாக 5 மணி 30 நிமிஷம் என்று ஏற்படுத்தினார்கள். அன்றைக்குச் சென்னைக் கடிகாரத்தை ஏறத்தாழ 9 நிமிஷம் முன்னே தள்ளினார்கள். ராகுவும் 9 நிமிஷம் முன்னே தள்ளிக்கொண்டானா? பம்பாய் நகரம் 1955 வரையில் தன் பழைய மணியையே வைத்திருந்தது. பம்பாய் ராகு வேறு, சென்னை ராகு வேறா?

இன்னும் வேடிக்கை இலங்கையில் நடந்தது. மின்சாரத்தை மிச்சப்படுத்த 1996 மே மாதத்தில் கடிகாரத்தை ஒரு மணி முன்னே வைத்தார்கள். அக்டோபரில் அரைமணி பின்னே வைத்தார்கள். 2006 ஏப்ரலில் பழைய இடத்துக்கே கொண்டுவந்தார்கள். இடையிலே புலிகள் வசமிருந்த பகுதியில் பழைய மணியையே வைத்துக்கொண்டிருந்தார்கள். ஒரே தீவில், ஒரே நாளில், சாவடிக்கு இந்தப் பக்கம் ஒரு மணி, அந்தப் பக்கம் வேறு மணி. ராகு எந்தச் சாவடியில் நின்று மணி கேட்டான்?

"சூரிய உதயத்திலிருந்து கணக்கிட வேண்டும், கடிகாரம் முக்கியமல்ல" என்று கொஞ்சம் படித்த சோதிடர் சொல்லுவார். சரி, அப்படியே வைத்துக்கொள்ளுவோம். உதயம் நாளுக்கு நாள் மாறுகிறது. ஊருக்கு ஊர் மாறுகிறது. பகலின் நீளமும் மாறுகிறது. அப்படியானால் காலண்டரில் அச்சிட்ட 7.30 பெரும்பாலான நாட்களில் தப்பு. தப்பான நேரத்தில் ஒதுங்கி, உண்மையான ராகுகாலத்தில் காரியம் செய்தே இத்தனை வருஷமும் வாழ்ந்திருக்கிறீர்கள். என்ன கெட்டுப்போயிற்று?

இன்னொரு கணக்கு பாருங்கள். ராகுகாலம் ஒன்றரை மணி, எமகண்டம் ஒன்றரை மணி. ஆக மூன்று மணி. பகல் 12 மணியில் இது நாலில் ஒரு பங்கு. நாற்பது வருஷம் வாழ்ந்தவன் இதைச் சரியாகக் கடைப்பிடித்திருந்தால், பத்து வருஷத்துப் பகற்பொழுதை ராகுவுக்கும் எமனுக்கும் தானம் செய்துவிட்டான் என்று அர்த்தம். காலத்தைத் தின்னும் யந்திரம் உண்டு தோழர்களே! அது உங்கள் வீட்டுச் சுவரில் தொங்குகிறது.

அதிலும் ஒரு சூழ்ச்சியைக் கவனியுங்கள். ராகுகாலம் வந்துவிட்டது என்று உப்பளத்தில் வேலையை நிறுத்திக் கூலியோடு ஒன்றரை மணி ஓய்வு கொடுத்த முதலாளி உண்டா? உப்பு வாரவும் மூட்டை சுமக்கவும் ராகுகாலம் கிடையாது. பெண்ணைப் பள்ளிக்கூடத்தில் சேர்க்கப் புறப்பட்டால், ஆஸ்பத்திரிக்குப் புறப்பட்டால், கூலி உயர்வு கேட்கப் புறப்பட்டால் மட்டும் ராகு குறுக்கே வந்து நிற்கிறான்! உங்கள் நன்மைக்கு மாத்திரம் நேரம் கெட்டதாயிருப்பது ஏன் என்று யோசித்துப் பாருங்கள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை

இவ்வளவும் வாதம். இனி இந்தக் கடற்கரை அனுபவித்த ஒன்றைச் சொல்லுகிறேன்.

2004 டிசம்பர் 26-ந் தேதி. ஞாயிற்றுக்கிழமை, பௌர்ணமி நாள். காலண்டர்ப்படி அன்று எமகண்டம் பகல் 12 மணிக்கு. ராகுகாலம் மாலை 4.30 மணிக்கு. காலைப் பொழுதில் இரண்டும் இல்லை. கடல் எப்போது வந்தது? காலை 9 மணிக்கு முன்னும் பின்னுமாக வந்தது. பஞ்சாங்கம் பார்த்துக் கடலுக்குப் போனவனும் செத்தான். பாராமல் போனவனும் செத்தான். தமிழ்நாட்டில் மட்டும் ஏறத்தாழ 8,000 பேரைக் கடல் கொண்டுபோயிற்று. எந்த ஓலை சொல்லிற்று? எந்தக் கிளி சீட்டு எடுத்தது? எந்தக் குறிகாரன் முந்திய நாள் வந்து, "குழந்தைகளைக் கரையில் விளையாட விடாதீர்கள்" என்றான்?

அன்று பிள்ளையைப் பறிகொடுத்த தாய்மார் இக்கரை நெடுகிலும் இருக்கிறார்கள். சினிமாவில் வரும் அந்தக் கடிகாரம் ஒருமுறை கிடைத்தால் போதும் என்று அவர்கள் எண்ணாத நாள் இருக்குமா? அந்தக் காலை 8 மணிக்குத் திரும்பிப்போய், ஒரு சத்தம் போட்டு, பிள்ளையைக் கூப்பிட்டுக்கொண்டு மேட்டுக்கு ஓடினால் போதுமே! அந்த ஏக்கத்தைப் பார்த்துச் சிரிக்கிறவன் மனிதனல்ல.

ஆனால் இதைக் கேளுங்கள். சுமத்திரா அருகே கடலடியில் பூமி அதிர்ந்தது நம் மணிக்குக் காலை 6.29. அலை இங்கே வர இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆயிற்று. அதாவது, வரப்போகிறது இன்னது என்று சொல்லுவதற்கு இரண்டு மணிக்கு மேல் அவகாசம் இருந்தது! காலத்தைப் பின்னே திருப்பவேண்டிய அவசியமே இல்லை. காலம் நம் கையில் கிடந்தது. செய்தி மட்டும் கரைக்கு வந்து சேரவில்லை.

செய்தி வந்து சேர்ந்த ஓர் ஊரும் உண்டு. புதுச்சேரிக்குப் பக்கத்தில் நல்லவாடு என்ற மீனவர் ஊர். அவ்வூர் வாலிபர் ஒருவர் சிங்கப்பூரில் வேலையிலிருந்தார். அங்கே டெலிவிஷனில் செய்தியைக் கண்டு வீட்டுக்கு டெலிபோன் செய்தார். தண்ணீர் ஏறுகிறது என்று கேட்டதும், எல்லோரையும் ஊரைவிட்டு ஓடச் சொன்னார். எம்.எஸ்.சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம் அமைத்திருந்த அறிவு மையம் ஒன்று அவ்வூரில் இருந்தது. மீன்பிடிப்பவர்களுக்குக் காற்றும் அலையும் எப்படியிருக்கும் என்று ஒலிபெருக்கியில் சொல்லும் இடம் அது. ஊரார் அதன் கதவை உடைத்துத் திறந்து, ஒலிபெருக்கியில் அலறினார்கள். ஊர் காலியாயிற்று. வீடுகள் போயின, மூவாயிரத்துக்கு மேற்பட்ட ஜனங்கள் பிழைத்தார்கள்.

தோழர்களே! காலத்தை வெல்லும் யந்திரம் எது என்று இப்போது சொல்லுங்கள். ஒரு டெலிபோன், ஓர் ஒலிபெருக்கி, அதில் சொன்னதைக் கேட்டு "நல்ல நேரமா" என்று பாராமல் எழுந்து ஓடிய அறிவு. அன்றைக்குத் தப்பியவர்களைத் தப்பவைத்தது அதுதான்.

தப்பை எண்ணுகிறவனும் மறைக்கிறவனும்

அந்தப் பாடத்துக்குப் பிறகு 2007 அக்டோபரில் ஐதராபாத்தில் சுனாமி முன்னெச்சரிக்கை மையம் ஏற்பட்டது. கடலடி அதிர்வையும் நீர்மட்டத்தையும் இரவும் பகலும் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். புயலை வானிலை இலாகா நாட்கணக்கில் முன்னதாகச் சொல்லுகிறது. 2020 நவம்பரில் நிவர் புயலும், 2024 நவம்பர் 30-ந் தேதி ஃபெஞ்சல் புயலும் புதுச்சேரியை ஒட்டிய இதே கரையில் ஏறின.

"ஃபெஞ்சல் விஷயத்தில் வானிலைக்காரனும் மாற்றி மாற்றித்தானே சொன்னான்?" என்பீர்கள். ஆமாம். வலுவிழக்கும் என்றார்கள், பிறகு புயலாகும் என்றார்கள். கரையேறியபின் நகராமல் நின்று, புதுச்சேரியில் ஒரே நாளில் 45 சென்டிமீட்டருக்கு மேல் மழை கொட்டிற்று. ஆனால் சொன்னது மாறியபோது, மாறிவிட்டது என்று பகிரங்கமாகச் சொன்னார்கள். எத்தனை கிலோமீட்டர் பிசகிற்று, எத்தனை மணி பிசகிற்று என்று ஒவ்வொரு புயலுக்கும் கணக்கெழுதுகிறார்கள். அந்தக் கணக்கினால்தான் வருஷா வருஷம் பிசகு குறைந்து வருகிறது. தன் தப்பை எண்ணிக் கணக்கெழுதிய சோதிடன் ஒருவனைக் காட்டுங்கள், நான் அவனுக்கு மாலை போடுகிறேன். கார்த்திகையில் புயல் வரும் என்று பஞ்சாங்கம் சொல்லிற்று என்கிறார்கள். கார்த்திகையில் புயல் வரும் என்பதைப் பஞ்சாங்கம் சொல்ல வேண்டுமா? பாத்தியில் நிற்கும் ஆயாளைக் கேட்டால் சொல்லுவாளே! எந்த நாள், எந்தக் கரை, எவ்வளவு காற்று என்பதல்லவா கேள்வி?

ஆகவே உங்களை நான் கேட்டுக்கொள்ளுவது இவ்வளவே. ஒவ்வொரு குப்பத்துக்கும், ஒவ்வோர் உப்பளத்துக்கும் எச்சரிக்கை ஒலிபெருக்கி கேளுங்கள். இருந்தால் அது வேலை செய்கிறதா என்று மாதம் ஒருமுறை போட்டுப் பாருங்கள். எந்த வழியாக மேட்டுக்கு ஓடவேண்டும் என்பதைப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுங்கள். கடலோரம் பூமி அதிர்ந்தாலோ, கடல் திடீரென்று உள்வாங்கினாலோ, யாருடைய உத்தரவுக்கும் காத்திராமல் ஓடுங்கள். பிரசவ வலி கண்ட பெண்ணை, நேரம் பார்த்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகாதீர்கள். வலி கண்ட நேரமே நேரம். பரிகாரத்துக்கு எடுத்துவைத்த பணத்தில் பெண்பிள்ளைக்குப் புத்தகம் வாங்குங்கள். நாளைக்கு அந்த ஐதராபாத் மையத்தில் உட்கார்ந்து இந்தக் கரைக்குச் செய்தி சொல்லுகிறவள் உங்கள் வீட்டுப் பெண்ணாக இருக்கட்டும்.

போன காலத்தை எவனும் திருப்பித் தரமாட்டான். தருகிறேன் என்று வருகிறவனை வாசலிலேயே நிறுத்துங்கள். வருகிற காலத்தில் இரண்டு மணி நேரம் முன்னதாகவே தெரிந்துகொள்ளும் வழி இன்று மனித அறிவுக்குக் கிடைத்திருக்கிறது. அந்த இரண்டு மணியை, காலண்டரைப் புரட்டி நல்ல நேரம் தேடுவதில் செலவழித்துவிடாதீர்கள்.